அப்பா பாதி, அம்மா பாதி: மகளுக்குச் சேர்த்துக் கட்டும் பெயர்களில் எது தேறும்?

பெண் குழந்தைக்குப் புதிதாக ஒரு பெயர் வேண்டும், ஏற்கெனவே பத்துப் பேருக்கு இருக்கிற பெயர் வேண்டாம் என்று முடிவு செய்கிறவர்கள் இன்று பெரும்பாலும் மூன்று வழிகளில் ஒன்றுக்குத்தான் வந்து சேர்கிறார்கள். அப்பா பெயரில் ஓர் எழுத்து, அம்மா பெயரில் இரண்டு எழுத்து என்று எடுத்து ஒட்டுவது ஒரு வழி. ‘ஷிகா’, ‘ஷிதா’, ‘ஸ்ரீ’ என்று காதுக்குப் பழகிய வால் ஒன்றை எடுத்து, அதற்குப் புதுத் தலை வைப்பது இன்னொரு வழி. கயல், யாழ், மதி, மொழி, நிலா என்று தமிழ்ச் சொற்களை இணைப்பது மூன்றாவது. மூன்றுமே சேர்த்துக் கட்டிய பெயர்கள்தான். ஆனால் மூன்றும் ஒரே தரத்தில் நிற்பதில்லை.

என் கட்சியை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பெயரைச் சேர்த்துக் கட்டுவதில் எந்தத் தப்பும் இல்லை. எங்கே வெட்டி எங்கே ஒட்டுகிறோம் என்பதுதான் விஷயம். சொல்லோடு சொல் சேர்ந்தால் பெயர் தானாக நிற்கும். துண்டோடு துண்டு சேர்ந்தால் அது அதிர்ஷ்டத்தைப் பொறுத்தது.

இப்படிப் புதுப்பெயர் தேடும் நெருக்கடி எங்கிருந்து வருகிறது என்பதையும் பார்த்துவிடலாம். ஜாதகம் பார்க்கிற வீட்டில் முதல் நிபந்தனை நட்சத்திர எழுத்து. இருபத்தேழு நட்சத்திரம், ஒவ்வொன்றுக்கும் நான்கு பாதம், ஆக 108 எழுத்துகள். குழந்தை பரணியில் பிறந்தால் லி, லு, லே, லோ என்று சோதிடர் எழுதிக் கொடுப்பார். தமிழில் லகரம் சொல்லுக்கு முதலில் வராது என்பது தொல்காப்பிய காலத்து விதி. அதனால்தான் லட்சுமியைப் பழைய நூல்கள் இலக்குமி ஆக்கின. ஆக, லி-யில் தொடங்கும் தமிழ்ப் பெயரைத் தேடினால் கிடைக்காது. வடமொழியில் லிகிதா என்று ஒன்று உண்டு, ‘எழுதப்பட்டது’ என்று பொருள். அதுவும் பக்கத்து வீட்டுக் குழந்தைக்கு வைத்தாயிற்று என்றால், லிதன்யா, லிவிஷா என்று உருவாக்க வேண்டியதுதான். திருவாதிரை மூன்றாம் பாதத்தில் பிறந்த குழந்தையின் பாடு இன்னும் மோசம். அதற்குரிய எழுத்து ‘ங’. அந்த எழுத்தில் பெயர் வைத்த யாரையும் நான் பார்த்ததில்லை. சோதிடரே வேறு எழுத்துக்கு வழி சொல்லிவிடுவார்.

இதன் மேல் எண் கணிதக் கூட்டுத்தொகை. அதற்கும் மேல், பெயர் ‘ஆ’ என்று முடிந்தால்தான் பெண் பெயர் மாதிரி இருக்கும் என்கிற எண்ணம். நாலா பக்கமும் வேலி போட்ட பிறகு உள்ளே மிஞ்சுவது புதுச் சேர்க்கை மட்டும்தான்.

அப்பா எழுத்து, அம்மா எழுத்து

ஆசை நியாயமானது. இருவருக்கும் பிறந்த குழந்தை, இருவர் பெயரும் இருக்கட்டும் என்று நினைப்பதில் என்ன குறை? சிக்கல் எங்கே என்றால், நாம் வெட்டுகிற பெயர்களே ஏற்கெனவே சேர்த்துக் கட்டியவை. ரமேஷ் என்பது ரமா, ஈசன் என்ற இரண்டும் சேர்ந்தது. ரமா என்கிற லட்சுமியின் தலைவன். உமேஷ் என்றால் உமாவின் தலைவன். தினேஷ் என்றால் பகலின் தலைவன், அதாவது சூரியன். அகரமோ ஆகாரமோ ஈகாரத்தோடு சேர்ந்தால் ஏகாரம் ஆகும் என்ற வடமொழிச் சந்தியில் பிறந்தவை இவை எல்லாம். இதில் ‘ரமே’ என்று ஒரு துண்டை எடுத்தால் ரமாவும் இல்லை, ஈசனும் இல்லை. மூட்டில் வெட்டாமல் எலும்பில் வெட்டின மாதிரி ஆகிவிடுகிறது. உமேஷ் விஷயத்தில் ஒரு வேடிக்கையும் இருக்கிறது. அந்தப் பெயருக்குள் ஒரு மனைவி பெயர் ஏற்கெனவே உட்கார்ந்திருக்கிறது. இன்னொரு மனைவி பெயரையும் அதில் ஒட்டப் போகிறோம்.

சில சமயம் அதிர்ஷ்டம் அடிக்கும். அப்பா தினேஷ், அம்மா காவ்யா என்றால் முதலெழுத்தையும் கடைசி எழுத்துகளையும் சேர்த்தால் திவ்யா வந்துவிடுகிறது. ஏற்கெனவே வழக்கில் இருக்கிற, பொருள் உள்ள, யாருக்கும் விளக்கம் சொல்லத் தேவையில்லாத பெயர். இப்படி அமைந்தால் யோசிக்கவே வேண்டாம், வைத்துவிடலாம்.

அதிர்ஷ்டம் இல்லாமல் போனால் என்ன ஆகும்? வடமொழிச் சொல்லின் முன்னொட்டுகளைப் பற்றிக் கொஞ்சம் தெரிந்துவைத்துக்கொள்வது நல்லது. ‘சு’ என்றால் நல்ல, ‘கு’ என்றால் கெட்ட. அம்மா பெயர் ரூபா, அப்பா சுரேஷ் என்றால் சுரூபா வரும், நல்ல வடிவம் உடையவள் என்று பொருள். அதே ரூபாவுக்குக் கணவர் குமார் என்றால் வருவது குரூபா. அந்தக் குழந்தை பள்ளிக்கூடத்தில் சமஸ்கிருதம் எடுத்துப் படிக்காமல் இருக்க வேண்டும். அப்பா அருண், அம்மா சுபா என்றால் அசுபா. ‘அ’ என்ற முன்னொட்டு எதிர்மறை. ஆனால் அதே அருண், மனைவி கமலாவின் பின்பாதியைச் சேர்த்தால் அமலா, அதாவது மாசில்லாதவள். மலம் என்றால் அழுக்கு, அதனால் அங்கே எதிர்மறை நல்லதைச் செய்கிறது. விமலா, நிர்மலா இரண்டும் இதே கதைதான். ஒரே எழுத்து ஓரிடத்தில் வாழ வைக்கும், இன்னோரிடத்தில் கவிழ்த்துவிடும்.

இதோடு தமிழ்நாட்டுக்கே உரிய இன்னொரு விஷயம் இருக்கிறது. நமக்குக் குடும்பப் பெயர் இல்லை, தலைப்பெழுத்துத்தான். பெரும்பாலான வீடுகளில் அது அப்பாவுடையது. அதனால் அப்பா பெயர் ஏற்கெனவே முன்னால் ஓர் இடம் பிடித்து நிற்கிறது. பெயருக்குள்ளும் அவரே பாதியை எடுத்துக்கொண்டால் கணக்கு எங்கே சரியாகிறது? எழுத்துப் பங்கீடு செய்கிறவர்கள் அம்மாவுக்குப் பெரிய பங்கைக் கொடுங்கள் என்பேன். தலைப்பெழுத்தைப் பெயரோடு சேர்த்து வாய்விட்டு ஒரு முறை படித்தும் பாருங்கள். சு. மதி என்றால் சுமதி, நல்ல அறிவுடையவள். கு. மதி என்றால்? வருகைப் பதிவேட்டில் ஆசிரியர் சேர்த்துத்தான் படிப்பார்.

அப்புறம், இரண்டாவது குழந்தை. முதல் குழந்தைக்கு நல்ல எழுத்துகளை எல்லாம் எடுத்துக் கொடுத்துவிட்டால், அடுத்ததற்கு மிச்சம் இருப்பது ஷ், ன், க். இதை முதலிலேயே யோசிக்கிறவர்கள் குறைவு.

துண்டு ஒட்டிய பெயர் நிலைக்கவே நிலைக்காது என்று சொல்லிவிட முடியாது. இன்று உலகம் முழுக்கப் புழங்கும் வனேசா என்ற பெயர் அப்படி ஒட்டப்பட்டதுதான். 18ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஜோனதன் ஸ்விஃப்ட், எஸ்தர் வான்ஹோம்ரி என்ற பெண்ணைப் பற்றிக் கவிதை எழுதியபோது, அவளது குடும்பப் பெயரின் ‘வான்’ என்ற தலையையும் எஸ்தரின் செல்லச் சுருக்கமான ‘எஸ்ஸா’வையும் சேர்த்து அதை உருவாக்கினார். 1723-இல் அவள் இறந்தாள். கவிதை 1726-இல் அச்சானது. 1807-இல் ஃபப்ரிசியஸ் என்ற பூச்சியியலாளர் ஒரு வண்ணத்துப்பூச்சிப் பேரினத்துக்கு அந்தப் பெயரை வைத்தார். அந்த இனத்துப் பூச்சிகள் நம் ஊரிலும் பறக்கின்றன. இப்போது அது ஒட்டுப்பெயர் என்று யாருக்கும் தோன்றாது. ஆனால் பெயர் பழகுவதற்கு முந்நூறு வருடம் ஆகியிருக்கிறது. உங்கள் மகளுக்கு எல்.கே.ஜி.யில் சேரும்போதே பெயர் பழகியாக வேண்டும்.

வனேசா விஷயத்தில் இன்னொன்று. நம் ஊர்ப் பெயர் அகராதிக்காரர் கையில் அது கிடைத்தால் ‘வனம், ஈசா, ஆகவே காட்டின் தலைவி’ என்று எழுதிவிடுவார். சந்திக் கணக்கு அச்சு அசலாகப் பொருந்தும், ஆனால் வரலாறு முழுக்கப் பொய். கணக்குப் பொருந்துகிறது என்பதாலேயே பொருள் அதுவாகிவிடாது. இந்த வித்தையை இரண்டாவது வகைப் பெயர்களில் தினமும் பார்க்கலாம்.

அதற்கு முன், அப்பா பெயரை மகள் பெயரில் வைக்கும் பழைய வழி ஒன்று. ஜனகன் மகள் ஜானகி. துருபதன் மகள் திரௌபதி. தட்சன் மகள் தாட்சாயணி. பர்வதராஜன் மகள் பார்வதி. ஊரைச் சேர்ப்பதும் உண்டு: மிதிலைக்காரி மைதிலி, விதேக நாட்டுக்காரி வைதேகி, காந்தார நாட்டிலிருந்து வந்தவள் காந்தாரி, கேகய நாட்டிலிருந்து வந்தவள் கைகேயி. இங்கே பெயரை யாரும் நறுக்கவில்லை. முதல் உயிரெழுத்தை நீட்டி, பெண்பால் விகுதி சேர்த்து, முழுப்பெயரிலிருந்து முழுப்பெயரைப் பிறப்பித்திருக்கிறார்கள். ‘ஜா’ என்ற விகுதியும் அதே வேலையைச் செய்கிறது, பிறந்தவள் என்று பொருள். கிரிஜா மலையில் பிறந்தவள், ஜலஜா நீரில் பிறந்தவள், வனஜா காட்டில் பிறந்தவள். அப்பா பெயர் கிரி என்றால் கிரிஜாவை விடப் பொருத்தமாக ஒரு பெயர் அமையுமா? கேட்டால் பழைய பெயர் என்பார்கள். பழையதுதான், ஆனால் இந்தத் தலைமுறை வகுப்பில் கிரிஜா ஒருத்திகூட இருக்க மாட்டாள். புதுமை வேண்டும் என்றால் அதுவும் ஒரு புதுமை.

இகா, ஷிகா, ஷிதா

இந்த வகையில் உண்மையான சொற்களும் இருக்கின்றன, உண்மை மாதிரி இருக்கும் சொற்களும் இருக்கின்றன. பிரித்துப் பார்க்கத் தெரிய வேண்டும்.

‘இகா’ என்பது வடமொழியில் நல்ல விகுதி. நாயகனுக்குப் பெண்பால் நாயிகா, பாலகனுக்குப் பாலிகா. சந்திரிகா என்றால் நிலவொளி. யூதிகா என்றால் முல்லை வகைப் பூ. அவந்திகா என்றால் அவந்தி நாட்டைச் சேர்ந்தவள். இவற்றில் ஒன்றை எடுத்தால் முன்னும் பின்னும் பொருளோடு நிற்கும். ஆனால் ‘தன்’, ‘ஜோ’, ‘லக்’ என்று கையில் கிடைத்த தலையை எடுத்து ‘ஷிகா’ என்று முடித்தால், அதைக் கொண்டுபோய் எந்த அகராதியில் தேடுவது? ‘ஷிகா’ தனியாக நின்றால் அது நம் ‘சிகை’. குடுமி என்றோ தீச்சுடரின் நுனி என்றோ பொருள். சுடர் என்று வைத்துக்கொண்டால் அழகாகத்தான் இருக்கிறது, முன்னால் நிற்கும் துண்டுக்குத்தான் ஆதரவு இல்லை.

பெயர்ப் பட்டியல்களில் இந்த மாதிரிப் பெயர்களுக்கு எதிரே ‘இளவரசி’, ‘தேவதை’, ‘லட்சுமி கடாட்சம்’, ‘அழகு’ இந்த நாலில் ஒன்று போட்டிருக்கும். பொருள் தெரியாத இடத்தில் இட்டு நிரப்பியது அது. சரியாகத் தெரிந்த இடத்தில்கூடப் பாதியைத்தான் சொல்வார்கள். அஸ்மிதாவுக்குப் ‘பெருமை’ என்று போட்டிருப்பார்கள். இன்றைய இந்தி, மராத்தி வழக்கில் அது சரி. ஆனால் பதஞ்சலியின் யோக சூத்திரம் மனிதனை வாட்டும் ஐந்து துன்பங்களில் ஒன்றாக அஸ்மிதாவைச் சொல்கிறது, ‘நான்’ என்ற எண்ணம். அனாமிகா என்று மகளுக்கு ஆசையாகப் பெயர் வைக்கிறோம். அதன் பொருளே ‘பெயரில்லாதவள்’. மோதிர விரலுக்கும் அதுதான் பெயர். தெரிந்து வைத்தால் அது நல்ல குறும்பு. தெரியாமல் வைத்தால் பிற்பாடு மகள் வந்து கேட்பாள்.

கனிஷ்கா தமிழ்நாட்டில் இப்போது நல்ல புழக்கத்தில் இருக்கும் பெண் பெயர். சரித்திரப் புத்தகத்தில் அது கி.பி. 2ஆம் நூற்றாண்டில் வடமேற்கு இந்தியாவையும் அதற்கு அப்பாலும் ஆண்ட குஷாணப் பேரரசர் கனிஷ்கர். ‘ஆ’ என்று முடிந்ததால் பெண் ஆகிவிட்டார். நிகிதாவும் அப்படித்தான். ரஷ்யாவில் அது ஆண் பெயர், சோவியத் தலைவர் குருஷேவின் முதல் பெயர் அதுதானே. இதனால் ஒன்றும் குடி முழுகிப்போகாது. பெயர்கள் எல்லை தாண்டுவது உண்டு, பால் மாறுவதும் உண்டு. ஆனால் ‘கனி போல இனிமையானவள், அதனால் கனிஷ்கா’ என்று யாராவது விளக்கம் கொடுத்தால் அதை நம்பிக்கொண்டு நாலு பேரிடம் சொல்லாமல் இருக்கலாம்.

இந்த வகையின் பக்கமும் நியாயம் இருக்கிறது. பெங்களூரு, புனே, டெல்லி என்று வேலைக்கு ஏற்ப ஊர் மாறும் குடும்பங்களுக்கு இந்தப் பெயர்கள் வசதி. எந்த மாநிலத்து வகுப்பறையிலும் ஆசிரியர் தடுமாறாமல் கூப்பிடுவார். மூன்று எழுத்து, நாலு எழுத்தில் முடிந்துவிடும். பொருளே இல்லாத பெயர் என்றாலும் அது குற்றமில்லை. பத்து வயது ஆவதற்குள் அந்தப் பெயருக்கு அந்தப் பெண்ணே பொருள் ஆகிவிடுவாள். என் மறுப்பு பொருளில்லாத பெயர் மீது இல்லை, போலிப் பொருள் மீதுதான். வீட்டில் ஆயா ‘ஷ’வைச் ‘ச’வாக்கித்தான் கூப்பிடுவார் என்பதையும் கணக்கில் வைத்துக்கொள்ளுங்கள். தன்ஷிகா தன்சிகா ஆவாள், அதனால் என்ன.

சோதிக்க ஒரு வழி சொல்கிறேன். சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ்ப் பேரகராதி 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாகவும், 1939-இல் அனுபந்தமாகவும் வந்தது. வடமொழிக்கு மோனியர் வில்லியம்ஸின் 1899ஆம் ஆண்டு அகராதி இருக்கிறது. இரண்டும் இணையத்தில் இலவசமாகத் தேடக் கிடைக்கின்றன. பெயரின் இரண்டு பாதியையும் தனித்தனியாக அவற்றில் தேடுங்கள். இரண்டும் கிடைத்தால் பெயருக்குக் கால் இருக்கிறது என்று அர்த்தம்.

யாழும் கயலும் மதியும்

என் சாய்வு இந்தப் பக்கம்தான் என்பதை மறைக்கப் போவதில்லை. காரணம் மொழிப்பற்று மட்டும் இல்லை. தமிழுக்குச் சேர்ப்பு வேலை கைவந்த கலை. சங்கப் பாடல் எழுதிய பெண்களில் நச்செள்ளையார் ஒருவர். செள்ளை என்ற பெயருக்கு முன்னால் ‘ந’ என்ற சிறப்பு ஒட்டு. நக்கண்ணையார், நப்பசலையார், கண்ணன் கதையில் வரும் நப்பின்னை எல்லாம் அதே அச்சு. மணிமேகலை என்பது மணியும் மேகலையும், இடையில் அணியும் மணிக்கோவை. மதுரையில் மீனாட்சி என்றால் மீனும் அட்சமும், அதாவது கண்ணும். அதையே தமிழில் அங்கயற்கண்ணி என்கிறோம்: அம், கயல், கண்ணி. மூன்று சொல் சேர்ந்து ஒரு பெயர், இடையில் ல் போய் ற் வந்திருக்கிறது.

சேரும் இடத்தில் என்ன நடக்க வேண்டும் என்பதற்குப் புணர்ச்சி விதிகள் இருக்கின்றன. பூவும் குழலியும் சேர்ந்தால் நடுவில் ங் வந்து பூங்குழலி. தமிழும் செல்வியும் சேர்ந்தால் ச் மிகுந்து தமிழ்ச்செல்வி. அன்பும் அரசியும் சேர்ந்தால் உகரம் விழுந்து அன்பரசி. மணியும் அரசியும் சேர்ந்தால் ய் வந்து மணியரசி. இலக்கண வகுப்பில் தூங்கினவர்களுக்குக்கூட இது காதில் தெரியும். அதனால்தான் இந்தப் பெயர்கள் புதிதாக உருவானாலும் ஒட்டுப்போட்ட மாதிரி தெரிவதில்லை.

கடந்த நூற்றாண்டில் இது ஓர் இயக்கமாகவே நடந்தது. அதற்கு முன்பே சூரியநாராயண சாஸ்திரி தன் பெயரைப் பரிதி, மால், கலைஞர் என்று சொல்லுக்குச் சொல் மாற்றிப் பரிதிமாற் கலைஞர் ஆனார். 1916-இல் தனித்தமிழ் இயக்கத்தைத் தொடங்கிய வேதாசலம் மறைமலை ஆனார். பிறகு திராவிட இயக்கம் வளர்ந்தபோது கயல்விழி, தமிழ்ச்செல்வி, தேன்மொழி, மலர்க்கொடி என்று வீதிக்கு வீதி பெயர்கள் பூத்தன. கல்கி 1950-இல் தொடராக எழுதத் தொடங்கிய பொன்னியின் செல்வனில் படகு ஓட்டும் பெண்ணுக்குப் பூங்குழலி என்று பெயர் வைத்தார். இன்றும் பெயர் தேடும் பெற்றோர் அந்தக் கதையைப் புரட்டுகிறார்கள்.

இப்போதைய அலை யாழினி, மகிழினி, தமிழினி, முகிலினி. இந்த ‘இனி’ என்ன என்று கேட்டால் மூன்று பதில் வரும். இனிய என்பதன் அடி என்பார் ஒருவர். ‘இன்’ என்ற சாரியையும் ‘இ’ என்ற பெண்பால் விகுதியும் என்பார் இன்னொருவர். நளினி, பத்மினி போன்ற வடமொழி முடிவைப் பார்த்துச் செய்தது என்பார் மூன்றாமவர். எனக்கு மூன்றும் ஏற்புடையதே, ஏனென்றால் முன்னால் நிற்கும் யாழ் முழுசாக நிற்கிறது. தொல்காப்பியம் யகர வரிசையில் ‘யா’ ஒன்றைத்தான் சொல்லுக்கு முதலாக ஏற்கிறது, யாழ் அந்த வாசல் வழியாகவே வருகிறது. யுவஸ்ரீக்கு அந்தக் கொடுப்பினை இல்லை.

அப்பா அம்மா பெயரை இணைக்கும் ஆசையையும் இங்கே தீர்த்துக்கொள்ளலாம். எழுத்தைப் பிய்க்காமல் சொல்லை எடுத்தால் போதும். அப்பா அன்பழகன், அம்மா இளவரசி. அன்பழகனில் அன்பு இருக்கிறது, இளவரசியில் அரசி இருக்கிறாள், மகள் அன்பரசி. அப்பா மதிவாணன், அம்மா யாழினி என்றால் யாழ்மதி. இரண்டு பெயரையும் மூட்டில் வெட்டியிருக்கிறோம், அவ்வளவுதான்.

குறை இல்லாமல் இல்லை. பழைய கூட்டுப் பெயர்களில் பெரும்பாலானவை கண்ணையும் கூந்தலையும் பேச்சையும் புகழ்பவை. விழி, குழலி, மொழி. மகளை உடல் வருணனையால் ஏன் அழைக்க வேண்டும் என்று கேட்கும் பெற்றோர் இன்று இருக்கிறார்கள், நியாயமான கேள்விதான். அவர்களுக்குத் தமிழிசை, யாழிசை, வெண்பா மாதிரி பெயர்கள் இருக்கின்றன. பா வகையின் பெயர் பெண் பெயராகும் என்று என் தலைமுறையில் யாரும் நினைத்திருக்க மாட்டோம். பள்ளியில் வெண்பாவுக்கு அலகிடத் தெரியாமல் தவித்த கூட்டம் அது.

இலக்கணம் சரியாக இருந்தால் மட்டும் போதாது என்பதற்கும் ஓர் உதாரணம். அப்பா இளங்கோ, அம்மா பூங்கொடி. இளங்கொடி என்று மகளுக்கு வைத்தால் எவ்வளவு அழகு! இளமையான கொடி, புணர்ச்சி சுத்தம், பெண்ணைக் கொடிக்கு ஒப்பிடுவதும் மரபு. ஆனால் மாடு வளர்க்கும் ஊர்களில், கன்று ஈன்ற பிறகு பசுவிடமிருந்து விழும் நஞ்சுக்கொடிக்கும் இளங்கொடி என்றுதான் பெயர். அதைத் துணியிலோ சாக்கிலோ கட்டி ஆலமரத்தில் தொங்க விடுவார்கள். எந்தப் பெயரையும் முடிவு செய்யும் முன் ஊரிலிருக்கும் பெரியவர் ஒருவரிடம் சொல்லிப் பாருங்கள் என்பது இதற்காகத்தான். அவர் சிரித்தால் அடுத்த பெயருக்குப் போய்விடலாம்.

பாட்டி பெயரைச் சேர்ப்பதும் ஒரு நல்ல நடுவழி. எம்.எஸ். சுப்புலட்சுமியின் அம்மா வீணைக் கலைஞர் சண்முகவடிவு. சண்முகமும் வடிவும் சேர்ந்தது அம்மா பெயர், சுப்பிரமணியரின் செல்லச் சுருக்கமான சுப்புவும் லட்சுமியும் சேர்ந்தது மகள் பெயர். வடமொழி, தமிழ் என்று யாரும் அங்கே பிரித்துப் பார்க்கவில்லை. ஆரோக்கியமேரியில் வேளாங்கண்ணி இருக்கிறது, மெஹருன்னிசாவில் பாரசீகச் சூரியன் இருக்கிறது. பாட்டி முத்தம்மாள் என்றால் முத்தெழில், பொன்னம்மாள் என்றால் பொன்மதி. அம்மாளை விட்டுவிட்டு முத்தையும் பொன்னையும் எடுத்துக்கொண்டால் பாட்டியும் கோபித்துக்கொள்ள மாட்டார்.

வெளிநாட்டில் வளரப் போகும் குழந்தை என்றால் கணக்கு கொஞ்சம் மாறும். அங்கேயும் ஒட்டுப்பெயர்கள் சகஜம். மர்லின் என்ற பெயரை அமெரிக்காவில் பரப்பியவர்களில் ஒருவரான மேடை நடிகை மர்லின் மில்லர், தன் மேரியையும் அம்மாவின் லின்னையும் சேர்த்துத்தான் அதை வைத்துக்கொண்டார். பிறகு அவர் நினைவாகவே நார்மா ஜீன் என்ற பெண் மர்லின் மன்றோ ஆனார். அதனால் சேர்ப்புப் பெயரை அங்கே யாரும் விநோதமாகப் பார்க்கப் போவதில்லை. நாக்கு ஒத்துழைக்கிறதா என்பதுதான் கேள்வி. ழகரம் எடுபடாது. நிலா, மதி, கயல், இனியா எடுபடும். யாழினிதான் வேண்டும் என்றால், ஈழத்துக் குடும்பங்கள் பலரும் செய்வது போல ஆங்கிலத்தில் ‘எல்’ போட்டு எழுதினால் வெள்ளைக்கார ஆசிரியருக்கு வாயில் நுழையும். தமிழ்நாட்டு வழக்கப்படி ‘இசட் எச்’ போட்டால் அவர் ‘யாஸ்ஹினி’ என்பார். இது சின்ன விஷயம் மாதிரி தெரியும், ஆனால் ஒரு குழந்தை தினமும் தன் பெயரைத் திருத்திக்கொண்டே இருப்பது அலுப்பான வேலை.

யாருக்கு எது என்று கேட்டால் இப்படிச் சொல்வேன். பெற்றோர் பெயர்கள் தமிழ்ச் சொற்களாக இருந்தால் யோசிக்காமல் மூன்றாவது வழி. வடமொழிப் பெயர்களாக இருந்து, சேர்த்தால் வழக்கில் உள்ள பெயர் ஒன்று தானாக அமைந்தால் முதல் வழி. அமையவில்லை என்றால் எழுத்தை விட்டுவிட்டு, ஜா, இகா என்று முறையான விகுதிகளோடு அகராதியில் இருக்கும் சொல்லைத் தேடுங்கள். நட்சத்திர எழுத்து கட்டாயம் என்றால் அதை ஜாதகப் பெயராக வைத்துக்கொண்டு, கூப்பிடவும் பதியவும் வேறு பெயர் வைக்கலாம். பல வீடுகளில் நடப்பதும் இதுதான்.

அவசரப்படவும் வேண்டாம். குழந்தை பிறந்ததைப் பதிவு செய்யும்போதே பெயர் கொடுக்க வேண்டிய கட்டாயம் இல்லை. ஒரு வருடத்துக்குள் கட்டணமில்லாமல் பெயரைச் சேர்க்கலாம், அதன் பிறகும் பதினைந்து வருடம் வரை கட்டணம் கட்டிச் சேர்க்க முடியும். ஆனால் 2023 அக்டோபர் 1 முதல் பிறந்த குழந்தைகளுக்குப் பள்ளிச் சேர்க்கை, ஆதார், பாஸ்போர்ட் என்று எல்லாவற்றுக்கும் பிறப்புச் சான்றிதழே அடிப்படை ஆவணம் ஆகிவிட்டது. சான்றிதழில் ஏறிய எழுத்துத்தான் எங்கேயும் போகும், பிறகு மாற்ற வேண்டும் என்றால் அரசிதழ் வரை அலைய வேண்டும். அதனால் தமிழில் ச் மிகுமா மிகாதா, ஆங்கிலத்தில் ‘இசட் எச்’சா ‘எல்’லா, ‘டி’யா ‘டி எச்’சா என்று வீட்டில் இருக்கும் எல்லோரையும் தனித்தனியாக ஒரு தாளில் எழுதச் சொல்லுங்கள். ஆளுக்கொரு மாதிரி எழுதினால், ஒரு வடிவத்தை முடிவு செய்த பிறகு அலுவலகத்துக்குப் போங்கள்.